பணம் வரவில்லை, வரி கட்டியாச்சு

பத்து லட்ச ரூபாய்க்கு ஒரு பில். அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி. 1,80,000. மொத்தம் 11,80,000 ரூபாய். கோவை குறிச்சி சிட்கோவில் பத்துப் பதினைந்து ஆட்களை வைத்து லேத்தும் மில்லிங் மெஷினும் ஓட்டுகிற ஒரு பட்டறை, குருகிராமில் இருக்கும் பெரிய கம்பெனிக்கு உதிரிபாகம் செய்து அனுப்பியது என்று வைத்துக்கொள்வோம். சரக்கு போய்ச் சேர்ந்தது. கம்பெனி அதைத் தன் இயந்திரத்தில் பூட்டி, இயந்திரத்தை விற்றும்விட்டது. பட்டறைக்குப் பணம் வரவில்லை.

ஜி.எஸ்.டி. கட்ட வேண்டிய தேதி மட்டும் தவறாமல் வந்தது. பில் போட்டாலே வரி சேர்ந்துவிடும். பணம் வந்ததா என்று சட்டம் பார்ப்பதில்லை. இரும்பு வாங்கியபோது கொடுத்த வரியைக் கழித்துக்கொண்டு மீதியைப் பட்டறைக்காரர் சொந்தக் காசிலிருந்தோ ஓவர் டிராஃப்டிலிருந்தோ கட்டுகிறார். அதே பில்லைக் காட்டி அந்தப் பக்கம் கம்பெனி 1,80,000 ரூபாயை உள்ளீட்டு வரி வரவாக எடுத்துக்கொள்கிறது. ஒரு பைசா கொடுக்காமல் சரக்கு, அதன்மேல் வரிச் சலுகை வேறு. பில் தேதியிலிருந்து 180 நாளுக்குள் விற்றவருக்குப் பணம் தராவிட்டால் எடுத்த வரவை வட்டியோடு திருப்ப வேண்டும் என்று ஜி.எஸ்.டி. சட்டத்தின் 16-ஆம் பிரிவிலேயே இருக்கிறது. அதை எடுத்துச் சொல்லி ஒரு கடிதம் எழுதும் பட்டறைக்காரரைப் பார்ப்பது அபூர்வம்.

ஏன் எழுதுவதில்லை என்பதற்கு ஒரு போன் பேச்சைக் கேட்டாலே போதும்.

“சார், வணக்கம்ங்க. அந்த ஆகஸ்ட் மாச பில்லுங்க…”

“போட்டாச்சுங்க. அப்ரூவல்ல இருக்கு. எம்.டி. சிங்கப்பூர் போயிருக்காரு, வந்ததும் ரிலீஸ் ஆயிரும்.”

“சரிங்க சார். ஒண்ணும் அவசரம் இல்லைங்க, சும்மா ஞாபகப்படுத்தலாம்னுதான்.”

“அடுத்த லாட்டுக்கு டிராயிங் அனுப்பியிருக்கோமே, பாத்தீங்களா?”

கடைசி வரியில்தான் சூட்சுமம். பழைய பாக்கியைக் கேட்டு வந்தவர் புது ஆர்டரின் டிராயிங்கோடு போனை வைக்கிறார். ‘அவசரம் இல்லை’ என்று அவரே சொல்லிக்கொண்டதுதான் கொடுமை. அன்று மாலை சம்பளம் போட வேண்டும்.

இப்படி மரியாதைக்காகக் கேட்காமல் விட்ட நாளெல்லாம் வாங்கியவருக்கு வட்டியில்லாத முதல். கொடுத்தவருக்கோ அது வழக்குப் போடும் காலத்திலிருந்து கழிந்துகொண்டே போகிற நாள். பணத்தகராறு வழக்குகளைப் படிக்கப் படிக்க எனக்குத் தெளிவாவது இதுதான்: பெரும்பாலும் நீதிமன்றத்தின் படி ஏறுவதற்கு முன்பே வழக்கு ஜெயித்தோ தோற்றோ போயிருக்கும்.

சட்டம் யார் பக்கம் என்று பார்த்தால், ஏட்டளவில் சந்தேகமே இல்லை. குறு, சிறு, நடுத்தர நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டம் 2006-இல் வந்தது. அதன் 15-ஆம் பிரிவின்படி, குறு அல்லது சிறு நிறுவனத்திடம் சரக்கோ சேவையோ வாங்கியவர் ஒப்புக்கொண்ட தேதிக்குள் பணம் தர வேண்டும். அந்தத் தேதி எந்த நிலையிலும் 45 நாளைத் தாண்டக்கூடாது. எழுத்தில் ஒன்றும் பேசிக்கொள்ளவில்லை என்றால் 15 நாள்தான். பர்ச்சேஸ் ஆர்டரின் (பி.ஓ.) பின்பக்கம் பொடி எழுத்தில் ‘90 நாள் கிரெடிட்’ என்று அச்சடித்திருந்தாலும் அது செல்லாது.

வட்டிதான் இந்தச் சட்டத்தின் பல். ரிசர்வ் வங்கி அறிவிக்கும் பேங்க் ரேட்டின் மூன்று மடங்கு, அதுவும் மாதாமாதம் அசலோடு சேரும் கூட்டு வட்டி. 2023 பிப்ரவரி முதல் இரண்டு ஆண்டுக் காலம் பேங்க் ரேட் 6.75 சதவீதமாக இருந்தது. மூன்று மடங்கு என்றால் 20.25. நம் 11,80,000 ரூபாய் பில் அந்த விகிதத்தில் 24 மாதம் நின்றிருந்தால் ஏறக்குறைய 17,63,000 ரூபாயாகியிருக்கும். இந்த வட்டியைக் கட்டினாலும் வாங்கிய கம்பெனி அதைச் செலவாகக் காட்டி வருமான வரியில் கழித்துக்கொள்ள முடியாது. 23-ஆம் பிரிவு அதற்கும் கதவைச் சாத்திவிட்டது.

இவ்வளவு இருந்தும் பட்டறைக்காரர் பேச்சுவார்த்தையில் உட்கார்ந்ததும் முதலில் விட்டுக்கொடுப்பது வட்டியைத்தான். “அசல் வந்தாப் போதும்ங்க.” அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் எதிர்த் தரப்பு இரண்டு வருஷம் காத்திருந்தது என்பது அவருக்கும் தெரியும்.

2024-இல் மத்திய அரசு வேறொரு பக்கத்திலிருந்து நெருக்கியது. அப்போதைய வருமான வரிச் சட்டத்தில் 43பி பிரிவில் (எச்) என்று ஓர் உட்பிரிவு நடைமுறைக்கு வந்தது. குறு, சிறு நிறுவனத்துக்கு 15 அல்லது 45 நாள் கெடுவுக்குள் பணம் தராவிட்டால், அந்தக் கொள்முதலை அந்த ஆண்டின் செலவாகக் காட்ட முடியாது. பணம் கொடுத்த ஆண்டில்தான் காட்டலாம். நான்கு மாதம் ஆறு மாதம் கடனில் ஓடிப் பழகிய ஜவுளி வியாபாரத்தில் அந்த மார்ச் மாதம் பெரிய கலவரமே நடந்தது. ‘உத்யம் (சிறு தொழில்) பதிவை ரத்து செய்துவிட்டு வா, அப்போது ஆர்டர் தருகிறேன்’ என்று சிறு உற்பத்தியாளர்களிடம் சொல்லப்பட்டதாகச் செய்திகள் வந்தன. காப்பாற்ற வந்த சட்டத்திலிருந்து தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வேண்டிய நிலை.

சரி, பட்டறைக்காரர் ஒரு நாள் துணிந்துவிட்டார். வக்கீல் அலுவலகத்துக்குப் போகிறார். அங்கே முதல் கேள்வி, “எவ்வளவு வரணும்?” என்பதல்ல. “என்ன பேப்பர் வச்சிருக்கீங்க?” என்பதுதான்.

இங்கேதான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பை நிறையக் காகிதம் வருகிறது. பில்லின் நகல் இருக்கிறது. ஆனால் பில் என்பது விற்றவர் தானே எழுதிக்கொண்டது. ஆர்டர் கொடுத்ததற்கு பி.ஓ. எங்கே? முதல் லாட்டுக்கு இருக்கிறது, அடுத்த மூன்று லாட்டும் வாட்ஸ்அப்பில் ‘அதே போல 400 பீஸ்’ என்று வந்தது. சரக்கு போய்ச் சேர்ந்ததற்கு டெலிவரி சலான் இருக்கிறது. அதன் மூலையில் கேட் செக்யூரிட்டி குத்திய நீல ரப்பர் ஸ்டாம்ப்: ‘பெறப்பட்டது, எண்ணிக்கையும் தரமும் சரிபார்ப்புக்கு உட்பட்டது’ என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு வரி. கையெழுத்து கிறுக்கல், பெயர் இல்லை, தேதி பாதி மை பிடிக்கவில்லை. அந்த ஒரு வரியில் பின்னால் வரப்போகும் முழு எதிர்வாதமும் ஒளிந்திருக்கிறது.

வழக்கறிஞர் நோட்டீஸ் போன பத்தாம் நாள், எட்டு மாதத்துக்கு முன்பு பூட்டி ஓட்டிய சரக்கில் ‘தரக் குறைபாடு’ கண்டுபிடிக்கப்படும். ஒரு டெபிட் நோட் வரும். தேதி மட்டும் பழைய தேதியாக இருக்கும். 2006 சட்டம் இதை எதிர்பார்த்தே எழுதப்பட்டிருக்கிறது: சரக்கு கைக்கு வந்த 15 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் சொல்லவில்லை என்றால், சரக்கு வந்த நாளே அதை ஏற்றுக்கொண்ட நாள். ஆகவே பட்டறைக்காரர் தேட வேண்டியது அந்த 15 நாளில் வந்த மெயில்களை. ‘நாலு பீஸ் ரிஜெக்ட், மாத்திக் கொடுங்க’ என்று அன்று ஒரு மெயில் வந்து, இவர் மாற்றியும் கொடுத்திருந்தால் அது இவருக்குப் பெரிய துணை. மீதி 396 நன்றாக இருந்தது என்று எதிர்த் தரப்பே எழுதிக் கொடுத்த மாதிரி.

வாட்ஸ்அப் செய்தி சாட்சியாகுமா என்று கேட்பவர்கள் உண்டு. ஆகும். ஆனால் ஸ்கிரீன்ஷாட்டைப் பிரின்ட் எடுத்து நீட்டினால் போதாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 63-ஆம் பிரிவு கேட்கும் சான்றிதழ் கூடவே வேண்டும். அந்தச் செய்தி வந்த பழைய போனை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிட்டேன் என்பவரிடம் வக்கீல் எதுவும் சொல்வதில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார்.

அடுத்த கேள்வி தேதி. சரக்கின் விலையைக் கேட்டு வழக்குப் போட காலவரையறைச் சட்டம் தரும் அவகாசம் மூன்று ஆண்டு. கிரெடிட் தவணை பேசியிருந்தால் தவணை முடிந்த நாளிலிருந்தும், பேசவில்லை என்றால் சரக்கைக் கொடுத்த நாளிலிருந்தும் அந்தக் கணக்கு ஓடும். போனில் சொன்ன ‘அடுத்த வாரம்’ எதுவும் அதை நிறுத்தாது. நிறுத்துவது எழுத்து மட்டுமே: கெடு முடிவதற்குள் ‘உங்களுக்கு இவ்வளவு பாக்கி’ என்று கையெழுத்திட்டு ஒப்புக்கொண்டால் அந்த நாளிலிருந்து மூன்று ஆண்டு புதிதாகத் தொடங்கும். வருடக் கடைசியில் ஆடிட்டர்கள் கேட்டு வாங்கும் ‘பேலன்ஸ் கன்ஃபர்மேஷன்’ கடிதத்தைச் சின்னக் கம்பெனிகள் வெறும் ஆடிட் சடங்காக நினைக்கின்றன. வாங்கியவரின் கையெழுத்தும் சீலும் உள்ள அந்த ஒற்றைத் தாள், பத்து நோட்டீஸை விட மதிப்புள்ளது.

இனி எங்கே போவது? பட்டறையிடம் உத்யம் பதிவு இருந்தால் முதல் வாசல் வசதியாக்கல் மன்றம். குறு, சிறு நிறுவனங்களின் நிலுவைக்கென்றே மாநில அரசு அமைக்கும் இந்த மன்றம் தமிழகத்தில் சென்னை, கோவை, மதுரை, திருச்சி என வட்டார அளவிலும் உண்டு. மத்திய அரசு 2017 அக்டோபரில் சமாதான் இணையதளத்தைத் தொடங்கியதிலிருந்து இணையம் வழியாகவே மனுப் போடலாம். பி.ஓ.வில் ‘வழக்கு எதுவானாலும் குருகிராமில்தான்’ என்று எழுதியிருந்தாலும் கவலை இல்லை. விற்றவர் எங்கே இருக்கிறாரோ அங்குள்ள மன்றத்துக்கே அதிகாரம், எதிர்த் தரப்பு இந்தியாவில் எங்கிருந்தாலும் சரி. ஒப்பந்தத்தில் தனி நடுவர் பற்றி ஷரத்து இருந்தாலும் இந்தச் சட்டமே மேலோங்கி நிற்கும் என்று 2022 அக்டோபரில் மகாகாளி ஃபுட்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. முதலில் சமரசப் பேச்சு. முறிந்தால் அதே மன்றமே நடுவராக இருந்து தீர்ப்பளிக்கலாம், அல்லது வேறொரு நடுவர் அமைப்புக்கு அனுப்பலாம்.

90 நாளில் முடிக்க வேண்டும் என்பது சட்ட வாசகம். வாசகத்தை வாசகமாக வைத்துக்கொள்வது நல்லது.

சரக்கை வாங்கி விற்கும் வியாபாரிக்கு இந்த வாசல் திறக்காது. 2021-இல் வணிகர்களுக்கும் உத்யம் பதிவு தரப்பட்டது, ஆனால் அது வங்கிக் கடனில் முன்னுரிமை பெற மட்டும். சரக்கு அனுப்பிய பிறகு ஓடிப் போய்ப் பதிவு செய்துகொண்டு வந்தவரையும் மகாகாளித் தீர்ப்பு திருப்பி அனுப்பியது. அது அவ்வளவு கறாராக இருக்கத்தான் வேண்டுமா என்று 2025 ஜனவரியில் இரண்டு நீதிபதிகள் கேட்டு, கேள்வியை மூன்று நீதிபதிகள் அமர்வுக்கு அனுப்பினார்கள்.

மன்றத்தின் தீர்ப்பை எதிர்த்து வாங்கியவர் நீதிமன்றம் போகலாம். ஆனால் 19-ஆம் பிரிவின்படி தீர்ப்புத் தொகையில் 75 சதவீதத்தை முன்கூட்டியே டெபாசிட் செய்ய வேண்டும். 17,63,000-இல் முக்கால் பங்கு 13,22,250 ரூபாய்; அதாவது ஆரம்பத்தில் தர மறுத்த பில்லை விட அதிகம். இந்த டெபாசிட்டைத் தவிர்க்கக் கெட்டிக்கார வழக்கறிஞர்கள் கண்டுபிடித்த சந்துதான் ரிட் மனு. மன்றத்தின் உத்தரவே அதிகார வரம்பு மீறியது என்று நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டால் 75 சதவீதம் கட்ட வேண்டியதில்லை அல்லவா? 2023-இல் இந்தியா கிளைகால்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தச் சந்தை அடைத்தது. 2025 ஜனவரி 22 அன்று இன்னொரு வழக்கில், அப்படி அடியோடு அடைத்துவிட முடியுமா, சமரசம் பேசிய அதே மன்றம் நடுவராகவும் உட்காரலாமா என்ற கேள்விகளை ஐந்து நீதிபதிகள் அமர்வின் முன் வைத்தது. அந்த வழக்கில் வாங்கிய தரப்பு யார் தெரியுமா? தமிழ்நாடு சிமெண்ட்ஸ் கார்ப்பரேஷன். நம் அரசின் சொந்த நிறுவனம். சிறு தொழிலைக் காக்கிற மன்றத்தை அமைப்பதும் அரசு, அந்த மன்றத்துக்கு எதிராக டெல்லி வரை போவதும் அரசு நிறுவனம். தனியார் மட்டுமே பாக்கி வைக்கிறார்கள் என்ற எண்ணம் யாருக்காவது இருந்தால், வழக்குகளின் தலைப்புகளைப் படித்தாலே போய்விடும். 2021-இன் முக்கியத் தீர்ப்பான சில்பி இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் வாங்கிய தரப்பு கேரள அரசுப் போக்குவரத்துக் கழகம். 2025 ஜூலையில் வந்த சோனாலி பவர் வழக்கில் மகாராஷ்டிர மின்வாரியம்.

அந்த சோனாலி தீர்ப்பு நம் பட்டறைக்காரருக்கு நேரடியாகப் பொருந்தும். மூன்று ஆண்டு கடந்துபோன பாக்கியை மன்றத்தின் சமரசப் பேச்சுக்குக் கொண்டுபோகலாம். பேச்சு முறிந்து நடுவர் தீர்ப்புக்குப் போனால் காலவரையறை குறுக்கே நிற்கும். சுருக்கமாகச் சொன்னால், கேட்டுப் பார்க்கலாம், வற்புறுத்த முடியாது.

உத்யம் பதிவு இல்லாதவர்களுக்கும் வியாபாரிகளுக்கும் வணிக நீதிமன்றம். 2015 சட்டத்தில் ஒரு கோடி ரூபாயாக இருந்த குறைந்தபட்ச மதிப்பை 2018-இல் மூன்று லட்சமாகக் குறைத்த பிறகு சாதாரண பில் பாக்கியெல்லாம் இங்கே வந்துவிட்டது. அவசர இடைக்கால உத்தரவு கேட்காத வழக்கென்றால் முதலில் சமரச மையத்துக்குப் போய்த்தான் ஆக வேண்டும். போகாமல் தாக்கல் செய்தால் வழக்குரையை நிராகரிக்கலாம் என்று 2022-இல் பாட்டீல் ஆட்டோமேஷன் தீர்ப்பு. எதிர்த் தரப்பு வரவே இல்லை என்றால் ‘பேச்சு தொடங்கவில்லை’ என்று ஓர் அறிக்கை தருவார்கள். அதை இணைத்து வழக்குப் போடலாம்.

இங்கே பிரதிவாதிக்கும் கெடு உண்டு. சம்மன் கிடைத்த 120 நாளுக்குள் பதிலுரை தாக்கல் செய்யாவிட்டால் அந்த உரிமையே போய்விடும். வாய்தாவிலேயே காலம் தள்ளிப் பழகிய சிவில் கோர்ட்டுக்கு இது புதுசு. இன்னும் கூர்மையான கருவி உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 37-ஆம் கட்டளை. எழுத்து ஒப்பந்தத்தின்படி இன்ன தொகை என்று கறாராகச் சொல்லக்கூடிய பாக்கிக்குச் சுருக்கமுறை வழக்கு. பிரதிவாதி வழக்காட வேண்டும் என்றாலே நீதிமன்றத்திடம் அனுமதி கேட்க வேண்டும். உருப்படியான எதிர்வாதம் இல்லை என்றால் அனுமதி கிடைக்காது, விசாரணை இல்லாமலே டிக்ரி. பழைய தேதி போட்ட டெபிட் நோட் பிறப்பது அந்த அனுமதியை வாங்கத்தான்.

கோர்ட் ஃபீஸைப் பற்றிய பயம் பழையது. தமிழகத்தில் 7.5 சதவீதமாக இருந்ததை 2017-இல் 3 சதவீதமாகக் குறைத்துவிட்டார்கள். 11,80,000 ரூபாய்க்கு 35,400. வழக்குப் போட்ட பிறகு இரு தரப்பும் தங்களுக்குள் பேசி முடித்துக்கொண்டாலும் அந்தப் பணம் முழுசாகத் திரும்பக் கிடைக்கும். நீதிமன்றம் சமரசத்துக்கு அனுப்பியிருந்தால்தான் திருப்ப முடியும் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் நிர்வாகமே வாதாடிப் பார்த்தது. 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை.

திவால் தீர்ப்பாயமான என்.சி.எல்.டி.க்குப் போகிறேன் என்று மிரட்டுவது ஒரு காலத்தில் நன்றாக வேலை செய்தது. ஒரு லட்சம் பாக்கி இருந்தாலே போகலாம் என்ற நிலை 2020 மார்ச் 24-உடன் முடிந்தது. இப்போது குறைந்தது ஒரு கோடி. நம் பில் அங்கே செல்லாது. ஒரு கோடிக்கு மேல் என்றாலும், நோட்டீஸுக்கு முன்பே உண்மையான தகராறு இருந்ததாகக் காட்டினால் மனு தள்ளுபடி என்று 2017-இன் மொபிலாக்ஸ் தீர்ப்பு சொல்கிறது.

டிக்ரி வாங்கியாச்சு. பட்டறையில் லட்டு கொடுக்கிறார்கள். வக்கீல் மட்டும் லட்டைக் கையில் வைத்துக்கொண்டு, “அவங்க பேங்க் அக்கவுன்ட் நம்பர் இருக்குங்களா?” என்கிறார்.

டிக்ரி என்பது பணமல்ல. எதிராளி தானாகக் கட்டாவிட்டால் நிறைவேற்று மனு போட வேண்டும். அது தனி வழக்கு மாதிரியே நடக்கும். சேலத்திலிருந்து போன பெரியம்மாள் வழக்கில் 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் இந்த அவலத்தைப் பார்த்து, நாட்டின் எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டது. வந்த கணக்கில் தேங்கிக் கிடந்த நிறைவேற்று மனுக்கள் 8.8 லட்சத்துக்கும் மேல். ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும் என்று அதே நீதிமன்றம் 2021-இலேயே சொல்லியிருந்தது.

வசதியாக்கல் மன்றத்தின் தீர்ப்பு கையில் இருப்பவருக்கு இந்தக் கட்டத்தில் ஒரு சௌகரியம் உண்டு. கோவையில் வாங்கிய சிவில் டிக்ரியைக் குருகிராமில் நிறைவேற்ற அதை இங்கிருந்து அங்கே மாற்ற வேண்டும். அந்த மாற்றத்துக்கே மாதங்கள் போகும். நடுவர் தீர்ப்புக்கு அது வேண்டியதில்லை, சொத்து எங்கே இருக்கிறதோ அங்குள்ள நீதிமன்றத்தில் நேரே மனுப் போடலாம் என்று 2018-இல் சுந்தரம் பைனான்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழி திறந்தது. என்ன இருக்கிறது, எங்கே இருக்கிறது என்று தெரிந்தால் போதும். கம்பெனியின் வங்கிக் கணக்கை ஜப்தி செய்யலாம். அந்தக் கம்பெனிக்குப் பணம் தர வேண்டிய மூன்றாவது நபரிடமிருந்தே நேராக வசூலிக்கவும் 21-ஆம் கட்டளையில் இடம் உண்டு. எதிராளி யாருக்குச் சரக்கு விற்கிறார் என்று தெரிந்த பட்டறைக்காரருக்கு அது நல்ல ஆயுதம். கணக்கு எண்ணுக்கு அலைய வேண்டியதில்லை. கடைசியாக எந்தப் பில்லுக்கு ஒழுங்காகப் பணம் வந்ததோ, அன்றைய ஆர்.டி.ஜி.எஸ். விவரத்தில் அனுப்பியவரின் வங்கி இருக்கிறது. அந்த ஸ்டேட்மென்ட் பக்கத்தைத்தான் வக்கீல் கேட்கிறார். பட்டறைக்காரர் ஆபீஸ் அலமாரியைத் திறந்து, மூன்று வருஷத்துக்கு முந்தைய ஃபைலைத் தேடிக்கொண்டிருக்கிறார்.